யாருடன் போக விருப்பம்?

பழனி மலையடிவாரத்தில் உள்ள கன்னிவாடி ஒரு காலத்தில் பாளையம். இன்று திண்டுக்கல் மாவட்டத்துப் பேரூர். அங்கிருந்து ஓர் ஆட்கொணர்வு மனுவைத் தாக்கல் செய்ய 2004 வரை நானூறு கிலோமீட்டருக்கு அப்பால் சென்னைக்குத்தான் போகவேண்டும். அவ்வாண்டு ஜூலை 24 அன்று உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை திறக்கப்பட்டபின், காலையில் போய் மாலையில் திரும்பும் தூரமாயிற்று.

இங்கிலாந்தின் 1679ஆம் ஆண்டுச் சட்டம் முதன்மையாக அரசனின் சிறையை நோக்கி எழுதப்பட்டது. இந்தியாவில் 1898ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 491ஆம் பிரிவு, அரசுக் காவலோடு தனியார் காவலையும் சேர்த்துக்கொண்டது. வீடும் ஒரு சிறையாகலாம் என்று சட்டம் ஒப்புக்கொண்ட இடம் அது. 1950க்குப் பின் அரசமைப்பின் 226ஆம் பிரிவு இவ்வதிகாரத்தை இன்னும் விரித்தது.

ஆனால் காதல் மண வழக்குகளில் மனுதாரர் பெரும்பாலும் அடைபட்டவரல்லர். பெண்ணின் தந்தையோ தாயோ கணவனோதான். மகளைக் கடத்திவிட்டார்கள் என்கிறது ஒரு மனு. மனைவியை அடைத்துவைத்திருக்கிறார்கள் என்கிறது மற்றொன்று. விடுதலைக்கான கருவி, மீட்டுச்செல்லும் கருவியாகவும் பயன்படுகிறது. வயதுவந்த பெண்ணை அவள் விருப்பத்துக்கு மாறாக எங்கும் வைத்திருக்க முடியாது என்று உச்சநீதிமன்றம் 1976லேயே, டெல்லி நாரி நிகேதன் வழக்கில், சொல்லிவிட்டது. ஆகவே எல்லாம் ஒரே கேள்வியில் வந்து நிற்கின்றன: யாருடன் போக விருப்பம்?

அக்கேள்வியின் பாரத்தைத் தருமபுரி காட்டியது. 2012இல் இளவரசனும் திவ்யாவும் சாதி கடந்து மணந்தனர். பெண்ணின் தந்தை தற்கொலை செய்துகொண்டார். நவம்பர் 7 அன்று நத்தம் காலனி உள்ளிட்ட தலித் குடியிருப்புகள் எரிக்கப்பட்டன. தாய் தொடுத்த ஆட்கொணர்வு மனுவில், கணவருடன் இருப்பதாக முதலில் சொன்ன திவ்யா, 2013 ஜூனில் தாயுடன் சென்றார். ஜூலைத் தொடக்கத்தில் இனித் திரும்புவதில்லை என்றார். ஜூலை 4 அன்று இளவரசனின் உடல் ரயில் பாதையருகே கிடந்தது. எரிந்த வீடுகளும் இறந்த தந்தையும் அந்தப் பதிலில் எவ்வளவு இருந்தன என்பதை அளக்க இந்த மனுவில் இடமில்லை.

2017இல் கேரள உயர்நீதிமன்றம், தந்தையின் ஆட்கொணர்வு மனுவிலேயே ஹாதியாவின் திருமணத்தை ரத்து செய்தது. உச்சநீதிமன்றம் 2018 மார்ச்சில் அதைத் திருத்தியது. துணையைத் தேர்வது வயதுவந்தவரின் உரிமை என்றது. 2025 மே மாதம் சென்னை உயர்நீதிமன்றம், பெற்றோர் வீட்டில் அடைக்கப்பட்டிருந்த 25 வயதுப் பெண்ணை, மனுச்செய்த தோழியுடன் செல்ல விடுவித்தது. திருமணம் மட்டுமே குடும்பம் அமைக்கும் வழியல்ல என்றும் சொன்னது. வேண்டும்போது காவல்துறை பாதுகாப்புத் தரவும் ஆணையிட்டது.

அந்தக் கடைசி ஆணையே முக்கியமானது. கன்னிவாடிக்கு அருகிலுள்ள பழனியைச் சேர்ந்த கௌசல்யா, சங்கரை 2015இல் மணந்தார். எட்டு மாதங்களில், 2016 மார்ச் 13 அன்று, உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில் சங்கர் வெட்டிக் கொல்லப்பட்டார். ஆட்கொணர்வு மனு ஆளைக் கொண்டுவந்து நீதிமன்றத்தில் நிறுத்தும். தன் விருப்பத்தைச் சொன்னவர் அதன்பின் இறங்கி நடக்கவேண்டியது அதே தெருவில்தான்.