அரண் காத்தவரும் அடைமழையும்



ஒரகடத்தில் இரவுப்பணி முடித்து ஃபஜ்ருக்கு வரும் இளைஞர்கள், கால்பந்தில் கோல் அடித்தவர் பெயரையே நம்மிடம் கூறுவர். தடுத்தவரைக் கூறுவோர் அரிது. அத்தகைய ஒருவரை இன்று நினைவுகூர்வோம்.

பெர்னார்ட் மெண்டி 1981இல் பிரான்சில் பிறந்தார். கான் அணியில் தொடங்கி, 2000 முதல் 2008 வரை பாரிஸ் செயின்ட் ஜெர்மைன் அணியின் தற்காப்பாளராக விளங்கினார். இடையே ஓராண்டு இங்கிலாந்தின் போல்டனில் ஆடினார். 2004இல் தாய்நாட்டுக்காக ஆடியது மூன்றே ஆட்டங்கள். பின்னர் ஹல் சிட்டி, டென்மார்க்கின் ஓடென்சே எனப் பல அணிகளைக் கண்டு, 2014இல் சென்னையின் எஃப்சிக்கு வந்தார். இங்கு மூன்று பருவங்கள் ஆடினார்.

2015 டிசம்பர் நம் பகுதி மறவாத மாதம். செம்பரம்பாக்கம் ஏரி திறக்கப்பட, அடையாறு ஊருக்குள் புகுந்தது. சென்னையில் நடக்கவேண்டிய அரையிறுதி ஆட்டம் புனேவுக்கு மாற்றப்பட்டது. டிசம்பர் 12 அன்று, சொந்த மண் இழந்த அவ்வணி கொல்கத்தாவை 3-0 என வென்றது. டிசம்பர் 20இல் கோவாவில் இறுதியாட்டம். 1-2 எனப் பின்தங்கியிருந்தும், கடைசி நிமிடங்களில் 3-2 என வென்று கோப்பையை ஏந்தியது.

அதே நாள்களில் பள்ளிவாசல்கள் பல, சமயம் பாராது அடைக்கலம் தந்தன. உணவு சமைத்தோர், படகு தள்ளியோர் பெயர்கள் எந்தப் பதிவேட்டிலும் இல்லை. காப்பதும் ஓர் அமானிதமே. மனிதர் மறப்பதை இறைவன் மறப்பதில்லை.

வல்ல ரஹ்மான் அவர்களின் நற்செயலை ஏற்றருள்வானாக! ஆமீன்.