தறி நின்ற பொழுது: கடலூர், சிதம்பர வட்டாரத்து நெசவாளர் வாழ்வில் ஒரு பகுதி

ஒரு குலத்தின் சரித்திரத்தை எழுதப் புகுவோர் பெரும்பாலும் அரசரையும் போரையும் புலவரையுமே முன்னிறுத்துவர். நம் செங்குந்த மரபினரும் அவ்வாறே செய்து வந்துள்ளோம். சோழர் படையில் விளங்கிய தெரிஞ்ச கைக்கோளரைப் பற்றியும், ஒட்டக்கூத்தர் அருளிய ஈட்டியெழுபதைப் பற்றியும் நம்மவர் பேசாத மேடையில்லை. அவை வேண்டற்பாலனவே. ஆயினும், தறியில் அமர்ந்து ஆயுளைக் கழித்த ஆயிரமாயிரம் மக்கள், தறி நின்ற பொழுதில் என்ன செய்தனர்? எங்கே கூடினர்? யாரோடு கூடினர்? இவ்வினாக்களை நாம் அதிகமாக எழுப்பியதில்லை. ஒருவன் பிழைப்புக்காகச் செய்யும் தொழில் அவன் நிலையைக் காட்டும். அவன் மனமுவந்து செய்வதோ அவனையே காட்டும். ஆதலின் இக்கட்டுரையில் அப்பகுதியைச் சிறிது ஆராய்வோம்.

நெசவு வீட்டுத்தொழில். ஆலைச் சங்குக்குக் கட்டுப்பட்டவன் தன் நாழிகைகளை விற்கிறான். குழித்தறியில் அமர்ந்தவனோ முடித்த துணியை விற்றான். விடியற்காலையில் தெருவில் பாவு நீட்டிக் கஞ்சியிட்டு உலர்த்த வேண்டும். அதன்பொருட்டே நம் தெருக்கள் அகன்று நீண்டன. மழை பெய்தால் பாவு இல்லை. பாவு இல்லையேல் தறியும் இல்லை. அமாவாசையன்று தறி மிதியாமை பல ஊர்களில் வழக்கு. ஐரோப்பியக் கைத்தொழிலாளரிடத்தும் இத்தகைய வழக்கு இருந்தது. இங்கிலாந்திலே 18, 19 ஆம் நூற்றாண்டுகளில் அவர்கள் திங்கட்கிழமையைப் ‘புனிதத் திங்கள்’ என்று விளையாட்டாய்ப் பெயரிட்டு ஓய்ந்திருந்தனர். ஆலை முதலாளிகளுக்கு அதனை ஒழிக்க நெடுங்காலம் பிடித்தது.

இவ்வுரிமையை அளவுக்கு மேல் புகழ்வதும் தகாது. 1690 இல் ஆங்கிலக் கம்பெனியார் தேவனாம்பட்டினக் கோட்டையை மராட்டியரிடம் விலைக்கு வாங்கிச் செயிண்ட் டேவிட் கோட்டை என்று பெயரிட்டனர். கடலூர்த் துணி கப்பலேறியது. வணிகர் வழியே வந்த முன்பணம் நெசவாளனுக்குச் சோறுமாயிற்று, தளையுமாயிற்று. 1758 இல் பிரெஞ்சுக்காரர் கோட்டையைக் கைப்பற்றி இடித்தனர். 1781 இல் பரங்கிப்பேட்டையில் ஐதர் அலிக்கும் கம்பெனிப் படைக்கும் பெரும்போர் நிகழ்ந்தது. 1783 இல் கடலூர் முற்றுகையிடப்பட்டது. படைகள் வந்துபோகும் நாட்டில் நெசவாளனுக்கு ஓய்வேது? மேலும், ஆடவர் தறி நிறுத்திய வேளையிலும் பெண்டிர் தார் சுற்றுவதும் நூலிழைப்பதும் நின்றனவல்ல. கும்மியும் கோலாட்டமும் கோயிற் காணிக்கையுமே அவர்தம் பொழுதாயிருந்தன. ‘குலத்தாரின் ஓய்வு’ என்று நாம் சொல்லும்போது அதிற் பாதிப்பேர் ஓய்வின்றி இருந்ததை மறத்தலாகாது.

நிற்க. திருவிழாவும் ஊர்வலமும் வெறும் வேடிக்கையல்ல. அவை மானத்தைப் பற்றியவை. 15 ஆம் நூற்றாண்டிலே, விஜயநகர வேந்தர் ஆட்சியில், தண்டும் சங்கும், அதாவது பல்லக்கேறவும் சங்கு ஊதுவிக்கவும், கைக்கோளர் உரிமை பெற்றமையைக் கல்வெட்டுகள் கூறுகின்றன. 1429 இல் வலங்கையாரும் இடங்கையாரும் ஒன்றுகூடி வரிக்கொடுமையை எதிர்த்து நின்றதை விருத்தாசலத்துக் கல்வெட்டு இன்றும் பறைசாற்றுகிறது. அன்று ஒன்றுபட்ட அவ்விரு வகுப்பாரே, 1707 இல் சென்னப்பட்டணத்தில் கலியாண ஊர்வலம் எத்தெருவிற் செல்வது என்பதற்காகப் பெருங்கலகம் விளைத்தனர். நடந்து செல்லும் தெருவில் தன் மரியாதை இருக்கிறதென்று அக்காலத்தார் எண்ணினர். ஐப்பசிச் சஷ்டியில் பல ஊர்களில் நம்மவர் வீரவாகு முதலிய நவவீரர் வேடம் பூண்டு சூரசம்மாரத்தில் முருகப்பெருமானுக்கு முன் செல்வதும் அவ்வகையினதே. ஆண்டு முழுதும் தறிக்குழியில் கால் புதைத்தவன் அன்றொருநாள் ஈட்டியேந்தி வீதியில் நிமிர்ந்து நடக்கிறான். அவனுடைய குல அடையாளத்தைப் புத்தகத்தினும் அந்நடையே அவனுக்குக் கற்பித்தது.

இனி, யாரோடு கூடினர் என்னும் வினாவுக்கு வருவோம். கடலூர்ப் பக்கத்துக் கைத்தொழிலாளரில் இந்துக்களேயன்றி முஸ்லிம்களும் உளர். பரங்கிப்பேட்டைத் தாழையோலைப் பாய் முஸ்லிம்கள் கைவண்ணத்தால் பேர்பெற்றது. குறிஞ்சிப்பாடியில் நம்மவர் நெய்த கைலியோ கடல் கடந்தும் முஸ்லிம்களின் உடையாயிற்று. தொழிலிற் கலந்த இவர்கள் விழாவிலும் கலந்தே நின்றனர்.

முதற்சான்று கிள்ளை. ஆண்டுதோறும் மாசிமகத்தின்போது ஸ்ரீமுஷ்ணத்துப் பூவராகப் பெருமாள் சிதம்பரத்தை அடுத்த கிள்ளைக் கடற்கரைக்குத் தீர்த்தவாரிக்கு எழுந்தருள்கிறார். வழியில் தைக்கால் என்னுமூரில் தர்காவைச் சார்ந்த முஸ்லிம்கள் எதிர்கொண்டு வரவேற்று மரியாதை செய்கின்றனர். கோயிலார் அளிக்கும் மாலை தர்காவுக்குக் கொண்டுசெல்லப்பட்டு அங்கே பாத்திஹா ஓதப்படுகிறது. இஃது இன்றும் நடைபெறுவது.

இரண்டாவது சான்று திரௌபதியம்மன் கோயில்கள். தென்னார்க்காட்டு வட்டாரம் அவ்வம்மன் வழிபாட்டுக்கும் தெருக்கூத்துக்கும் தாயகம். பகலில் பாரதம் படிப்பதும், இரவெல்லாம் கூத்து நிகழ்வதும், இறுதியில் தீமிதியும் இங்குள்ளார் நன்கறிந்தவை. அக்கோயில்கள் பலவற்றில் காவல் தெய்வமாய் நிற்பவர் முத்தால ராவுத்தர் என்னும் முஸ்லிம் குதிரைவீரர்! அவர் குதிரைக்குக் கொள்ளும் படைக்கப்படுகிறது. பாண்டவர் தேவிக்கு ராவுத்தர் காவல் என்பதில் நம் முன்னோர் யாதொரு முரணும் கண்டிலர்.

மூன்றாவது நாகூர். 16 ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த ஷாகுல் ஹமீது ஆண்டவரின் கந்தூரிக்கு இருசமயத்தாரும் செல்வர். அங்குள்ள 131 அடி உயர்ந்த பெரிய மினாரா தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாபசிங்கர் எடுப்பித்தது. கடலோடிய தமிழ் முஸ்லிம்கள் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் அவர் பெயரால் நினைவிடங்கள் எழுப்பினர். இனி, தமிழ்நாட்டு ஊர்கள் பலவற்றில் முகரம் பண்டிகையை இந்துக்கள் ‘அல்லாசாமி பண்டிகை’ என்று கொண்டாடிப் புலிவேடம் கட்டியதும் உண்டு. தை 5 ஆம் நாள் பெண்ணையாற்றங்கரையிலும் கெடிலக்கரையிலும் கூடும் ஆற்றுத்திருவிழாவோ, மணலில் அமர்ந்து கிழங்கும் கரும்பும் தின்று களிக்கும் ஊர்க்கூட்டம்.

புலமையிலும் இவ்வாறே. நம் குலத்தவரென்று வழிவழியாய் உரைக்கப்படும் படிக்காசுப் புலவருக்குத் தில்லையில் சிவகாமியம்மை பொற்காசு அருளினாள் என்பது கதை. அவரே கீழக்கரை வள்ளல் சீதக்காதியைப் பாடியவர். அவர் மறைந்தபோது உள்ளம் உருகியவர். தில்லையைப் பொருளாகக் கொண்ட கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் சரித்திரம் 19 ஆம் நூற்றாண்டில் கதாகாலட்சேபமாய்ப் பரவி, 1935 இல் கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராக நடித்த திரைப்படமும் ஆயிற்று. விடிய விடியக் கூத்துப் பார்த்தவன் பின்னர் டிக்கட்டு வாங்கிக் கொட்டகைக்குச் சென்றான். பொழுதுபோக்கு ஊரின் பொதுச்செயலாயிருந்தது போய் விலைச்சரக்காயிற்று.

காசி நகரத்தை ஒப்புநோக்குவது ஈண்டுப் பயன்தரும். அங்கே பட்டு நெய்வோருள் முஸ்லிம்கள் மிகுதி. மதன்புரா, அலைபுரா முதலிய பேட்டைகளில் வாழும் அவர்கள், வேலை ஓய்ந்தபோது நகர்ப்புறத்துத் தோப்புகளுக்கும் குளக்கரைகளுக்கும் சென்று உண்டு களிப்பதையும், அகாடாவில் மல்லாடுவதையும் பெருமையாகக் கொண்டனர். இந்துக் கைவினைஞரும் அங்ஙனமே. ‘யாம் காசி நகரத்தார்’ என்னும் உணர்ச்சி இருவர்க்கும் பொதுவாயிருந்தது. 20 ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் ‘ஜுலாகா’ என்னும் பழம்பெயரை இழிவென்று நீக்கி, ‘அன்சாரி’ என்றும் ‘மோமின்’ என்றும் அவர்கள் தம்மை அழைத்துக்கொண்டு சங்கம் கண்டனர். அதே காலத்தில் நம்மவர் கைக்கோளர் என்னும் பெயரினும் செங்குந்தர் என்னும் பெயரை விரும்பிச் சங்கம் கண்டனர். ஈரிடத்தும் நெசவாளன் வேண்டியது ஒன்றே: தன் தொழிலை உலகம் இகழாதிருத்தல்.

சங்கங்களால் விளைந்த நன்மை பெரிது. கல்வி பெருகிற்று, குடி குறைய வேண்டுமென்ற முயற்சி எழுந்தது. மற்றோர் உண்மையையும் மறைக்காமற் கூறுவோம். கோயில் விழாவின் அழகாக ஊரார் கண்டுகளித்த ஆடலுக்காக, நம் குடும்பத்துப் பெண்மக்கள் சிலர் பொட்டுக்கட்டி விடப்பட்டனர். ஒருவர் களிப்பு மற்றொருவர் சிறையாயிற்று. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி முதலியோர் முயற்சிக்குப்பின் 1947 இல் சென்னை மாகாணச் சட்டம் அவ்வழக்கத்தைத் தடுத்தது. பழைய பொழுதுபோக்கு யாவும் போற்றத்தக்கதன்று என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டா.

ஆயினும் சங்கம் கண்டோர் குலப்பெருமையை நிலைநாட்டும் ஆர்வத்தில், விழாக்களில் நமக்குரிய பங்கை மட்டும் எழுதி, அயலார் பங்கை விட்டுவிட்டனர். அதன் பயன் இன்று தெரிகிறது. நம் பிள்ளைகளுட் சிலர் ‘நாம் வேறு, அவர் வேறு, என்றும் அப்படியே இருந்தது’ என்று கருதுகின்றனர். கிள்ளைக்கு ஒருமுறை சென்று வருவோர் அவ்வாறு கருதார்.

விசைத்தறி வந்து கைத்தறி அருகிற்று. பாவு நீட்டிய தெருக்களில் வண்டிகள் நிற்கின்றன. தறி போனபின் நெசவாளன் யார்? அவனை இன்னும் ஒன்றாகக் கட்டி வைப்பது சஷ்டி விழாவும் தீமிதியும் ஆற்றுத்திருவிழாவுமே. ஆதலின் சங்கத்து உறுப்பினர் தத்தம் ஊரில் முதியோரை, சிறப்பாகத் தாய்மாரை, அணுகி, எந்த விழாவை எவ்வாறு நடத்தினர், யார் யார் உடன் நின்றனர், எக்காரணத்தால் எது நின்றது என்பவற்றைக் கேட்டு எழுதி இப்பத்திரிகைக்கு அனுப்புவாராக. அடுத்த தெருவின் முஸ்லிம் பெரியோரையும் கேட்டு எழுதுவாராக; நம் சரித்திரத்தில் ஒரு பகுதி அவர் நினைவில்தான் இருக்கிறது. அவ்விரண்டும் சேர்ந்தால்தான் நம் சரித்திரம் முழுமை பெறும் என்பது நம் துணிபு.