கட்டாக்கில் போட்ட முடிச்சு

1895-ல் தைவான் தீவு ஜப்பானின் கைக்குப் போனது. வந்திறங்கிய ஜப்பானியர்களுக்குத் தீவின் சோறு தொண்டையில் இறங்கவில்லை. அங்கே விளைந்தது உதிரி உதிரியாக வேகும் நெல். அவர்கள் நாக்கு கேட்டதோ குட்டை மணி, குச்சியில் எடுத்தால் ஒட்டிக்கொண்டு வரும் சோறு. சொந்த ஊர் விதையைக் கப்பலில் கொண்டுவந்து விதைத்தார்கள். நாற்று பச்சைப்பசேலென்று வந்தது. ஆனால் பறித்து நட்ட கொஞ்ச நாளில், தூர் கட்டுவதற்கு முன்பே, சோனிப் பயிர் அவசர அவசரமாகக் கதிர் தள்ளியது. கதிரில் இருந்த மணிகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். அடுத்த ஆண்டும் அதே கதை. அதற்கடுத்த ஆண்டும்.

பகல் பொழுதின் நீளம்தான் பயிரை ஏமாற்றிக்கொண்டிருந்தது. ஜப்பானின் கோடைப் பகல் நீளமானது. அது குறையத் தொடங்கும்போது பூக்க வேண்டும் என்பது அந்த நெல்லின் உடம்பில் எழுதிய கணக்கு. தைவானில் பகல் அவ்வளவு நீளுவதே இல்லை. ஆகவே நாற்றங்காலில் இருக்கும்போதே பூக்கும் காலம் வந்துவிட்டதாகப் பயிர் நம்பியது. 1912-ல் தைவானுக்கு வந்த இசோ எய்கிச்சி என்ற இளம் வேளாண் அறிஞரும், தைச்சுங் நகர ஆய்வு நிலையத்தில் வேலை பார்த்த சுஎனாகா மெகுமு என்பவரும் இந்தப் புதிரோடு ஆண்டுக்கணக்கில் மல்லுக்கட்டினார்கள். இடையில் 1918-ல் ஜப்பானில் அரிசி விலை தாறுமாறாக ஏறி, ஊர் ஊராகக் கலவரம் வெடித்தது. அரிசியை எங்கிருந்தாவது கொண்டுவந்தாக வேண்டும். விடை, கடைசியில், எல்லார் காலடியிலும் இருந்த நாற்றங்காலில் கிடைத்தது.

முற்றிய நாற்றைப் பறித்து நடுவதுதான் தைவான் வழக்கம். இவர்கள் இளநாற்றாகப் பறித்து நட்டுப் பார்த்தார்கள். வயலுக்குப் போன பிறகும் தூர் கட்ட அவகாசம் கிடைத்தது, கதிர் நீண்டது. 1926-ல் இந்த நெல்லுக்கு, தேவர்கள் வாழ்வதாகச் சொல்லப்படும் கீழ்க்கடல் தீவின் பெயரை வைத்தார்கள்: ஹோராய். சுஎனாகா அதோடு நிற்கவில்லை. கமெஜி, ஷின்ரிகி என்ற இரண்டு ஜப்பானிய ரகங்களை இணைத்து, 1920-களின் இறுதியில் புது ரகம் ஒன்றைக் கொண்டுவந்தார். ஷின்ரிகி என்றால் தெய்வ சக்தி. பிறந்த பிள்ளைக்கு மட்டும் வெறும் எண்தான் வாய்த்தது: தைச்சுங் 65. அதனிடம் ஒரு வினோத குணம் இருந்தது. பகல் நீண்டாலும் குறுகினாலும் அது சட்டை செய்யவில்லை, தன் நாள் வந்தால் பூத்தது. அந்த ஒரு குணத்துக்காக இன்னொரு தேசம் பின்னால் தவம் கிடக்கப்போகிறது என்று தைச்சுங்கில் யாரும் நினைத்திருக்க மாட்டார்கள்.

அந்தத் தேசம் மலாயா. அங்கே வயல்களில் நின்றவை உயரமான, நிதானமான நெல் ரகங்கள். அவற்றில் ஒன்றின் பெயர் மயாங் எபோஸ் 80. மயாங் என்றால் மலாய் மொழியில் பாளை. மலாய் உழவர்களுக்குப் பழகிய, அவர்கள் வீட்டுச் சோற்றுக்கு ஏற்ற ரகம். ஆனால் வருஷத்துக்கு ஒரு போகம்தான். பருவம் தப்பினால் பூக்காது, உரம் போட்டால் உயர்ந்துகொண்டே போய்க் கதிரோடு சாய்ந்துவிடும். 1942-ல் ஜப்பானியப் படை மலாயாவைப் பிடித்தபோது, பர்மா அரிசிக் கப்பல்களை நம்பியிருந்த தோட்டங்களில் பஞ்சம் புகுந்தது. மலேசியத் தமிழ்க் குடும்பங்களில் ஜப்பான்காரன் காலம் என்று சொன்னால் மரவள்ளிக்கிழங்கின் நினைவுதான் இன்றும் முதலில் வரும். அடுத்த ஆண்டு, 1943-ல், வங்காளத்தில் லட்சக்கணக்கானோர் பட்டினியால் செத்தார்கள். வங்கக் கடலின் இரு கரையிலும் ஒரே கேள்வி எழுந்தது: இருக்கிற நிலத்தில் நெல்லை எப்படிக் கூட்டுவது?

வங்கப் பஞ்சம் தந்த அதிர்ச்சியில் 1946-ல் ஒரிசாவின் கட்டாக்கில் மத்திய நெல் ஆராய்ச்சி நிலையம் பிறந்தது. அதன் முதல் இயக்குநர் கே. ராமையா. கோயம்புத்தூர் நெல் ஆராய்ச்சி நிலையத்தில் தேறிவந்த தமிழர். ஜப்பானிய நெல் குட்டையாகவும் திடமாகவும் நின்று, போட்ட உரத்தையெல்லாம் மணியாக்கும். நம் பக்கத்து நெல் வெயிலுக்கும் மழைக்கும் பூச்சிக்கும் பழகியது, ஆனால் உரம் தின்றால் சாயும். இரண்டையும் இணைத்தால் என்ன? 1950-களின் தொடக்கத்தில் ஐ.நா.வின் உணவு வேளாண்மை அமைப்பு துணைக்கு வர, ஆசிய நாடுகள் தங்கள் விதைகளைக் கட்டாக்குக்கு அனுப்பின. 1954-ல் எம்.எஸ். சுவாமிநாதன் என்ற இளைஞரும் கொஞ்ச காலம் அங்கே அந்த வேலையில் இருந்தார். மலாயாவிலிருந்து மயாங் எபோஸ் வந்தது. எதிர்ப்பக்கத்தில் தைச்சுங் 65 காத்திருந்தது. கல்யாணம் நடத்துவது மட்டும் அவ்வளவு சுலபமாக இல்லை.

நெல் தனக்குத்தானே கரு தரித்துக்கொள்ளும் பயிர். அதன் பூ காலையில் ஏறுவெயிலில் சிறிது நேரமே வாய் திறக்கும். திறக்கும்போதே உள்ளிருக்கும் ஆறு மகரந்தப் பைகளும் வெடித்துத் தன் சூல்முடியிலேயே தூவிவிடும். அதற்குள் முந்திக்கொள்ள வேண்டும். பூக்காத கதிரைப் பிடித்து, ஒவ்வொரு உமியின் நுனியையும் கத்தரியால் சாய்வாக நறுக்கி, இடுக்கியை விட்டு ஆறு பைகளையும் ஒவ்வொன்றாக உருவி எடுக்க வேண்டும். ஒன்று உள்ளே தங்கினாலும் கலப்பு பாழ். சூல்முடி நசுங்கினாலும் பாழ். பிறகு கதிருக்கு மெல்லிய காகித உறை. மறுநாள் எதிர்ப்பக்கத்துக் கதிரைக் கொண்டுவந்து, உறையைத் திறந்து, பொடி உதிர ஒரு தட்டு. இவ்வளவு பாடுபட்டால் ஒரு கதிரில் சில மணிகள் பிடிக்கும். அந்த மணிகளை விதைத்து, வளர்த்து, கதிர் வந்ததும் பிரித்துப் பார்த்தால் பெரும்பாலானவற்றில் பால் பிடிக்கவே இல்லை. எல்லாம் பதர்.

இரண்டு குலமும் பல ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே பிரிந்துபோனவை. சேர்த்துவைத்த பிள்ளைகள் மலடாயின. நூற்றுக்கணக்கான கலப்புகள் செய்யப்பட்டன. வந்த விதை அந்தந்த நாட்டுக்குத் திரும்பியது. அத்தனையிலும் ரகமென்று பெயர் வாங்கி வயலுக்குப் போனவை நான்கே நான்கு. அதில் ஒன்று தஞ்சையில் குறுவையை நிரப்பிய ஆடுதுறை 27. ஒன்று ஆஸ்திரேலியாவுக்குப் போனது. மற்ற இரண்டும் மலாயாவுக்கு. மயாங் எபோஸின் கலப்பில் இன்னொரு முறையும் மயாங் எபோஸே சேர்க்கப்பட்டது. பிள்ளையின் ரத்தத்தில் நான்கில் மூன்று பங்கு மலாய், ஒரு பங்கு தைச்சுங். அந்த ஒரு பங்குக்குள் தைவானின் அந்த வினோத குணம் ஒளிந்திருக்கிறதா என்பது நட்டுப் பார்த்தால்தான் தெரியும்.

பினாங்குத் தீவுக்கு எதிர்க்கரையில் பும்போங் லிமா என்ற ஊரில் ஓர் ஆய்வுப் பண்ணை. கொழும்புத் திட்டம் என்ற பன்னாட்டு உதவித் திட்டத்தின் கீழ் அங்கே வந்த ஜப்பானிய நிபுணர்கள், மலாயா ஊழியர்களோடு சேர்ந்து, வரிசை வரிசையாகக் கலப்புப் பிள்ளைகளை நட்டுக் கழித்தார்கள். ஒருகாலத்தில் துப்பாக்கியோடு வந்த தேசத்தின் ஆட்கள் இப்போது சேற்றில் குனிந்து நின்றார்கள். 1964-ல் முதல் ரகம் வெளிவந்தது. மலாயா, இந்தியா, ஜப்பான் மூன்றின் முதலெழுத்துகளையும் கோத்து மலின்ஜா என்று பெயர் வைத்தார்கள். மறுவருஷம் இரண்டாவது. பருவம் பார்க்காமல் பூத்தது, வருஷத்துக்கு இரண்டு போகம் தந்தது, சன்னமான மணி, வாய்க்கு இதமான சோறு. அதற்கு லங்காவித் தீவுக் கதையில் வரும் பெண்ணின் பெயரைச் சூட்டினார்கள். வீண்பழி சுமத்திக் கொல்லப்பட்டவள். குத்திய இடத்தில் வெள்ளை ரத்தம் வழிந்ததாம். அவள் பெயர் மஹ்சூரி. வீண்பழி இந்த நெல்லையும் விடவில்லை.

1960-களின் பிற்பாதியில் மஹ்சூரி இந்தியாவுக்கு வந்து சேர்ந்தது. வந்த நேரம் சரியில்லை. ஐ.ஆர். 8 என்ற குட்டை நெல்லின் பெயர் ஊரெல்லாம் முழங்கிய காலம் அது. அடுத்து ஜெயா வந்தது. இடுப்பளவு உயரம், மூட்டை மூட்டையாக உரம், களம் நிறைய நெல். அந்தக் குள்ளர்கள் நடுவே மஹ்சூரி நெடுநெடுவென்று நின்றது. காற்றடித்தால் சாய்ந்தது. சாய்கிற நெல்லை ஒழிப்பதுதானே அன்றைய ஆராய்ச்சியின் குறிக்கோள்! சோதனையில் தேறாத ரகம் என்று ஒதுக்கிவிட்டார்கள். தைவானில் தொடங்கிப் பல பத்தாண்டுகள் நடந்த கதை ஆராய்ச்சிப் பண்ணையின் கழிவு மூட்டையில் முடிந்திருக்க வேண்டியது.

இந்தக் கதையில் எனக்கு நெஞ்சோடு ஒட்டிய இடம் இதுதான். ஆந்திரத்தில் ஓர் ஆராய்ச்சிப் பண்ணையில் கூலிக்கு வேலை பார்த்த தொழிலாளி ஒருவர், ஒதுக்கப்பட்ட அந்த நெல்லில் கொஞ்சம் எடுத்துப் போனார் என்று வேளாண் ஆய்வாளர்கள் எழுதிவைத்திருக்கிறார்கள். அவர் பெயரை எழுதிவைக்கவில்லை. இசோவின் பெயர் இருக்கிறது, சுஎனாகாவின் பெயர் இருக்கிறது, ராமையாவின் பெயர் இருக்கிறது. இந்த மனிதரின் பெயரும் இருந்திருக்க வேண்டும். நடவிலும் களையெடுப்பிலும் அறுப்பிலும் அந்தப் பயிரை அன்றாடம் தொட்டவர் அவர். அந்த நெல் வயலில் விளைந்தது. பக்கத்து வயல்காரர் விதை கேட்டார். அவரிடம் அவர் சம்பந்தி கேட்டார். அரசு அச்சடித்த ஒரு துண்டறிக்கையும் இல்லாமல், மடியிலும் கோணியிலும் மஹ்சூரி நடக்க ஆரம்பித்தது.

உயரம் என்று ஆய்வாளர்கள் கழித்ததை உழவர்கள் வேறு கணக்கில் பார்த்தார்கள். நெட்டை நெல்லென்றால் நீண்ட வைக்கோல், மாட்டுக்கு வருஷம் முழுக்கத் தீனி. உரம் வாங்க வக்கில்லாதவருக்கும் விளைந்தது. சோறோ, ஐ.ஆர். 8-இன் தடித்த, ஆறினால் விறைக்கும் சோற்றைத் தின்று சலித்த நாக்குக்கு அமிர்தம். சில ஆண்டுகளில், ஐ.ஆர். 8-க்கும் ஜெயாவுக்கும் அடுத்தபடியாக இந்தியாவில் அதிகம் பயிரான ரகம் இந்தக் கழித்துவிட்ட நெல்தான். நேபாளத்தில் அதை மசூலி என்றார்கள். வங்கதேசத்தில் பாகிஸ்தான், ஜப்பான், மலேசியா மூன்றின் எழுத்தையும் சேர்த்துப் பஜாம் என்றார்கள். போன ஊரிலெல்லாம் ஒரு பெயர். காவிரிக் கரைக்கு வந்தபோது அதற்கு ஆற்றின் பெயரே கிடைத்தது.

பொன்னி.

கல்யாணப் பந்தியில் இலை நடுவே குவியும் பொன்னி, மளிகைக் கடையில் பொன்னி புழுங்கலா பச்சையா என்று விலை கேட்கப்படும் அதே பொன்னி. சோழர் காலத்திலிருந்தே இந்த மண்ணில் விளைந்ததைப்போல அந்தப் பெயர் ஒலிக்கிறது. 1950 முதல் 1954 வரை கல்கி வாராவாரம் ‘பொன்னியின் செல்வன்’ எழுதிக்கொண்டிருந்தார். ஏறக்குறைய அதே காலத்தில்தான் கட்டாக்கில் இடுக்கியும் கத்தரியுமாக இரு குலத்து நெல்லுக்கு முடிச்சுப் போடும் வேலையும் தொடங்கியிருந்தது. தற்செயல்தான். ஆனாலும் நினைக்கும்போது சிலிர்க்கிறது.

சம்பாப் பட்டத்துக்குப் பொன்னி கச்சிதமாகப் பொருந்தியது. ஆவணியில் விதைத்தால் பொங்கலை ஒட்டி அறுப்பு. பழைய குணம் மட்டும் போகவில்லை. மார்கழியில் கதிர் முற்றும் நேரத்தில் ஒரு மழை பிடித்தால், பாய் விரித்ததுபோல் வயலோடு படுத்துவிடும். அப்படிப் படுத்த பயிரை அரிவாளோடு குனிந்து, சேற்றிலிருந்து கதிரைத் தூக்கித் தூக்கி அறுத்த கைகளுக்குத்தான் அதன் அருமையும் தெரியும், அது தந்த வேதனையும் தெரியும். ஒரு காலத்தில் கழித்துவிட்ட ஆராய்ச்சி உலகம் பிற்பாடு அதை அக்கறையோடு எடுத்துச் சீர்செய்தது. 1986-ல் கோயம்புத்தூரிலிருந்து மேம்படுத்தப்பட்ட வெள்ளைப் பொன்னி வெளிவந்தது. அதே ஆண்டு ஆந்திரத்தின் பாபட்லாவில், மஹ்சூரியோடு நம்மூர்க் கிச்சிலிச் சம்பாவின் ரத்தமும் கலந்து பி.பி.டி. 5204 பிறந்தது. தமிழ்நாட்டு அரிசி மண்டிகள் அதற்கு ஆந்திரா பொன்னி என்று பெயர் போட்டன. கர்நாடகத்தில் சோனா மசூரி என்று விற்கும் அரிசியின் பின்பாதியில் இருப்பவளும் அந்த லங்காவிப் பெண்தான்.

தமிழர் போன இடமெல்லாம் பொன்னியும் போனது. மலேசியாவுக்கும் கப்பலேறியது, தன் பிறந்தகத்துக்குத்தான் போகிறது என்று தெரியாமலே. பின்னாளில் அங்கே ஒரு வணிக நிறுவனம் பொன்னி என்ற சொல்லையே தன் வணிகச் சின்னமாகப் பதிந்துகொண்டது. இந்தியாவின் வேளாண் ஏற்றுமதி வளர்ச்சி அமைப்பு விடவில்லை. பொன்னி எங்கள் காவிரியின் பெயர், எங்கள் நெல்லின் பெயர் என்று மலேசிய நீதிமன்றத்தின் படியேறியது. வழக்கு நடந்த அதே மண்ணிலிருந்துதான், 1950-களில், பாளையின் பெயர் கொண்ட ஒரு நெல்லின் விதை கட்டாக்குக்குப் புறப்பட்டது.