நாவல் மரம்

நாவல் (தாவரவியல் பெயர்: சைசீசியம் குமினி) என்பது வெப்ப மண்டலத்தில் வளரும் பசுமை மாறா மரம் ஆகும். கொய்யா, யூக்கலிப்டசு ஆகியவை இடம்பெறும் மிர்ட்டேசி குடும்பத்தைச் சேர்ந்தது. நாம் சமையலில் பயன்படுத்தும் கிராம்பு இதே பேரினத்தைச் சேர்ந்த மற்றொரு மரத்தின் மொட்டாகும். இந்தியத் துணைக்கண்டம், இலங்கை, தென்கிழக்காசியா ஆகியன நாவலின் தாயகம். பழத்துக்காகவும் நிழலுக்காகவும் நெடுங்காலமாக வளர்க்கப்பட்டு வரும் இம்மரம், இன்று நீரிழிவு நோய்க்கான மருந்து என்ற பெயராலேயே பலருக்கும் அறிமுகமாகின்றது. அக்கருத்துக்கு உள்ள சான்றுகள் கீழே தனித் தலைப்பில் தரப்பட்டுள்ளன.

பெயர்

மலையாளத்தில் ஞாவல், தெலுங்கில் நேரேடு, கன்னடத்தில் நேரளே என இம்மரம் வழங்கப்படுகின்றது. வடமொழியில் இதன் பெயர் சம்பு (ஜம்பு). பழைய புவியியல் நூல்கள் இந்தியா அடங்கிய நிலப்பரப்பை நாவலந்தீவு என்று குறிப்பிடுவது இம்மரத்தின் பெயரால்தான். யாழ்ப்பாணத்து நாவற்குழி, சுந்தரர் பிறந்த திருநாவலூர் என ஊர்ப் பெயர்களிலும் நாவல் நிலைத்துள்ளது.

1753 இல் லின்னேயசு இதனை மிர்ட்டசு என்னும் பேரினத்தில் வைத்துப் பெயரிட்டார். இப்போதைய அறிவியல் பெயரை 1912 இல் இசுகீல்சு என்னும் அமெரிக்கத் தாவரவியலாளர் அமைத்தார். பழைய மருத்துவ நூல்களில் யூசீனியா சம்போலானா என்ற பெயரைக் காண்பவர்கள் அதுவும் இம்மரத்தையே குறிக்கும் என்பதை நினைவில் கொள்ள வேண்டும்.

தாவர இயல்பு

நாவல் 30 மீட்டர் உயரம் வரை வளரக்கூடியது. அடிமரத்தின் பட்டை சொரசொரப்பாகவும் கருமை கலந்தும், மேற்பகுதியில் வழுவழுப்பாகவும் வெளிர் சாம்பல் நிறமாகவும் இருக்கும். இலைகள் எதிரெதிராக அமைந்தவை; தடிப்பும் பளபளப்பும் உடையவை. இலையைக் கசக்கினால் தைல மணம் வீசும். இலையை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்த்தால் எண்ணெய்ச் சுரப்பிகள் சிறு புள்ளிகளாகத் தெரியும். மரத்தை அடையாளம் காண மாணவர்களுக்கு இது எளிய வழி.

மார்ச்சு முதல் மே வரை சிறிய வெண்ணிறப் பூக்கள் கொத்துக் கொத்தாகப் பூக்கின்றன. இதழ்கள் ஒன்றாக ஒட்டி ஒரு தொப்பி போலக் கழன்று விழுவதால், மலர்ந்த பூவில் மகரந்தத் தாள்களே மிகுதியாகத் தென்படும். தேனீக்கள் பெருமளவில் நாடி வருகின்றன. காய் பச்சையிலிருந்து இளஞ்சிவப்பாகி, ஆனி, ஆடி மாதங்களில் கருநீலப் பழமாகின்றது. இப்பழம் நாக்கில் ஏற்றும் ஊதா நிறத்துக்கு அந்தோசயனின் என்னும் நிறமிகளே காரணம். தொண்டையைப் பிடிக்கும் துவர்ப்புக்குத் தனின்கள் காரணம்.

பழத்தினுள் ஒரு கொட்டைதான் இருக்கும். ஆயினும் ஒரு கொட்டையிலிருந்து இரண்டு, மூன்று நாற்றுகள் கிளம்புவது உண்டு. ஒரே விதையில் பல கருக்கள் உருவாவதால் இது நிகழ்கின்றது. கொட்டை உலர்ந்தால் முளைப்புத் திறன் விரைவில் குன்றிவிடும். எனவே பழம் உண்ட கையோடு விதைப்பதே நல்லது; சேமித்து வைத்துப் பிறகு விதைக்கலாம் என்பது இதற்குப் பொருந்தாது.

சித்தேரி மலையில்

சித்தேரி மலை தர்மபுரி மாவட்டத்தில் அரூரை அடுத்துள்ள கிழக்குத் தொடர்ச்சி மலைப் பகுதி. சேர்வராயன் மலைக்கும் கல்வராயன் மலைக்கும் இடையில் அமைந்த இம்மலையில் மலையாளி எனப்படும் பழங்குடி மக்கள் வாழ்கின்றனர். சாமை போன்ற சிறுதானியங்கள் பயிரிடப்படுகின்றன. அடிவாரத்திலும் சரிவுகளிலும் இருப்பவை பெரும்பாலும் கோடையில் இலை உதிர்க்கும் காடுகள். ஈரம் தங்கும் பள்ளத்தாக்குகளிலும் ஓடைக்கரைகளிலும் மட்டுமே பசுமை மாறா மரங்கள் நிலைக்கின்றன. நாவல் அத்தகைய ஓடைக்கரை மரங்களுள் ஒன்று.

இதனால் காட்டுயிர்களுக்கு இம்மரம் தரும் பயன் அதன் எண்ணிக்கையை விடப் பெரிது. சுற்றிலும் மரங்கள் மொட்டையாக நிற்கும் மாதங்களில் நாவல் நிழலும் பூந்தேனும் தருகின்றது. மழைக்காலத் தொடக்கத்தில் பறவைகள், பழந்தின்னி வௌவால்கள், மரநாய்கள், கரடிகள் ஆகியவற்றுக்குப் பழம் தருகின்றது. அவ்விலங்குகளே கொட்டைகளைப் பரப்புகின்றன. வேர்கள் ஓடைக்கரையின் மண்ணைப் பிடித்து வைக்கின்றன. சித்தேரி மலையில் பெய்யும் மழைநீர் வரட்டாறாக இறங்கி வள்ளிமதுரை அணையில் சேர்வதால், இக்கரைகளின் மரங்கள் கீழேயுள்ள வேளாண்மையோடும் தொடர்புடையவை.

மருத்துவப் பயன்பாடு

சித்த மருத்துவத்தில் நாவலின் பட்டை, இலை, பழம், கொட்டை ஆகிய அனைத்தும் பயன்படுகின்றன. பட்டையின் துவர்ப்புச் சத்து திசுக்களைச் சுருக்கும் தன்மை உடையது. ஆகவே பட்டையை இட்டுக் காய்ச்சிய குடிநீர் வயிற்றுப்போக்குக்கும், வாய்ப்புண், தொண்டைப்புண் ஆகியவற்றுக்குக் கொப்பளிக்கவும் கொடுக்கப்பட்டு வந்துள்ளது.

நீரிழிவும் நாவலும்

உலர்த்திப் பொடித்த நாவற்கொட்டை நீரிழிவுக்குக் கொடுக்கப்படுவது பழைய வழக்கம். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் இக்கொட்டை ஐரோப்பாவுக்கும் சென்று அங்குள்ள மருத்துவர்களால் சோதிக்கப்பட்டது. 1922 இல் இன்சுலின் முதன்முதலாக நோயாளிக்குச் செலுத்தப்படும் வரை நீரிழிவுக்கு உறுதியான மருந்து ஏதும் இல்லாதிருந்ததே இந்த ஆர்வத்துக்குக் காரணம்.

பிற்காலத்தில் எலி, முயல் ஆகியவற்றின் மீது நடத்தப்பட்ட ஆய்வுகள் சிலவற்றில் கொட்டைச் சாறு குருதிச் சர்க்கரையைக் குறைத்தது. சிலவற்றில் அவ்வாறு நிகழவில்லை. பிரேசிலில் நாவல் இலைத் தேநீர் நீரிழிவுக்குப் பரவலாக அருந்தப்படுகின்றது. அங்கு நோயாளிகளிடம் நடத்தப்பட்டு 2006 இல் வெளியான ஒப்பீட்டு ஆய்வில், கிளிபுரைடு என்னும் மாத்திரை சர்க்கரையைக் குறைத்தது. இலைத் தேநீர் குறைக்கவில்லை. இது சிறிய ஆய்வு. கொட்டைப் பொடியைப் பற்றியதும் அன்று. எனினும் மரத்தின் எல்லா உறுப்புகளுக்கும் ஒரே குணத்தை ஏற்றிச் சொல்வது தவறு என்பதை இது காட்டுகின்றது.

நாவற்பொடியை நம்பி இன்சுலினையோ மாத்திரையையோ நிறுத்துவது உயிருக்கே ஆபத்தாக முடியலாம். இன்சுலினையே சார்ந்து வாழும் முதல் வகை நீரிழிவு நோயாளிகளுக்கு இது மிகவும் பொருந்தும். மாத்திரையுடன் பொடியையும் சேர்த்து உண்பவர்களுக்குச் சர்க்கரை அளவுக்கு மீறிக் குறையவும் கூடும் என்பதால், மருத்துவரிடம் தெரிவித்துவிடுவது தேவையாகின்றது. பழத்தைப் பழமாக உண்பதற்கு இவ்வளவு யோசனை வேண்டியதில்லை.

நிழல் மரமாக

புது தில்லி நகரம் அமைக்கப்பட்டபோது சாலையோரங்களுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட மரங்களுள் நாவலும் ஒன்று. 2022 இல் கர்த்தவ்ய பாதை எனப் பெயர் மாற்றப்பட்ட இராசபாதையின் இருமருங்கிலும் நாவல் வரிசைகள் உள்ளன. ஆண்டு முழுவதும் இலை இருப்பதும், அடர்ந்த தலைப்பகுதியும் இதன் சிறப்புகள். வேரில் நீர் தேங்கினாலும் தாங்கும். வளர்ந்த பின் ஓரளவு வறட்சியையும் தாங்கும். ஆகையால் ஏரிக்கரை, பள்ளி வளாகம், கோயில் தோப்பு, பூங்கா ஆகியவற்றுக்கு ஏற்றது. மரத்துக்கு மரம் பத்து மீட்டர் இடைவெளி தேவை. முதல் சில ஆண்டுகள் தண்ணீரும், ஆடு மாடுகளிடமிருந்து காப்பும் தேவை.

குறுகிய நடைபாதைக்கும் வாகனம் நிறுத்துமிடத்துக்கும் நாவல் பொருந்தாது. விழும் பழங்கள் நசுங்கித் தரையை வழுக்கலாக்கும். கறை எளிதில் போகாது. கிளைகள் எளிதில் முறியக்கூடியவை என்பதால், பழம் பறிக்க ஏறுவோர் விழுந்து காயமுறுவதும் உண்டு. ஆனால் அடிமரத்தின் கட்டை நீரில் எளிதில் கெடாது. வேளாண் கருவிகளுக்கும் வண்டிகளுக்கும் பயன்பட்டுள்ளது. தாயகத்துக்கு வெளியே, அவாய் முதலிய பசிபிக் தீவுகளில் நாவல் உள்நாட்டு மரங்களை நெருக்கிப் பரவும் தொல்லை மரமாகக் கருதப்படுகின்றது.

இலக்கியத்திலும் கோயில்களிலும்

நற்றிணையின் 35ஆம் பாடலில் கடற்கரை மணலில் விழுந்த நாவற்பழத்தைத் தன் இனம் என எண்ணித் தும்பி மொய்க்க, அதனை நண்டு பற்றிக்கொள்ளும் காட்சி இடம்பெறுகின்றது. கரும்பழத்துக்கும் கருந்தும்பிக்கும் உள்ள ஒப்புமையை நேரில் கண்டவரே இவ்வாறு பாட முடியும். திருவானைக்காவில் வெண்ணாவல் தலமரமாகும். இறைவனின் சம்புகேசுவரர் என்னும் பெயரும் அதனால் வந்ததே. சுட்ட பழம் வேண்டுமா, சுடாத பழம் வேண்டுமா என்று முருகன் ஔவையாரிடம் கேட்டதாகக் கூறப்படும் கதையிலும் வருவது நாவற்பழமே. தகடூரை, அதாவது இன்றைய தர்மபுரியை, ஆண்ட அதியமான் ஔவையாருக்கு அளித்தது நெல்லிக்கனி. இவ்விரு கதைகளையும் சிலர் ஒன்றாக்கிக் கூறுவதுண்டு.