நீலப் பெட்டியும் வெள்ளைப் பெட்டியும்

ஸ்ரீபெரும்புதூர் எலக்ட்ரானிக்ஸ் கம்பெனிகளில் போர்டு அசெம்பிளி லைனுக்கு வரும் டிப்ளமோ பிள்ளைகளுக்கு 60 என்ற எண் சீக்கிரமே மனப்பாடமாகிவிடும். ஈரத்தால் கெடும் தன்மையைக் குறிக்கும் எம்எஸ்எல் வரிசையில் 3ஆம் வகை ஐசியின் பாக்கெட்டைப் பிரித்துவிட்டால், 30 டிகிரியும் 60 சதவீத ஈரப்பதமும் தாண்டாத அறையில் 168 மணி நேரத்துக்குள் போர்டில் ஏற்றியாக வேண்டும். தாமதித்தால், உள்ளே புகுந்த ஈரம் ரீஃப்ளோ அடுப்பின் சூட்டில் ஆவியாகி ஐசியின் உறையையே பிளந்துவிடும்.

இந்த ஈரப்பதத்தை ஒரகடத்து வாடகை அறையில் தானும் அளந்து பார்க்க ஆசைப்படும் பையன் சென்னை ரிச்சி தெருவுக்குப் போனால், கடைக்காரர் இரண்டு சென்சார்களை எடுத்து வைப்பார். நீல நிற டிஎச்டி11, வெள்ளை நிற டிஎச்டி22. வயரிங் இரண்டுக்கும் ஒன்றே. ஒரே கம்பியில் 40 பிட் தகவல் வரும். வித்தியாசமெல்லாம் டேட்டாஷீட்டில்தான்.

நீலம் 20 முதல் 90 சதவீதம் வரைதான் அளக்கும். ஐப்பசி மழை பெய்த விடியற்காலையில் நம் ஊர்க் காற்று அந்த 90ஐச் சாதாரணமாகத் தாண்டும். வெள்ளைக்கு 0 முதல் 100 வரை எல்லை. வெப்பத்தில் நீலம் 2 டிகிரி முன்பின் காட்டலாம், வெள்ளை அரை டிகிரிதான். வேகத்தில் மட்டும் நீலம் முந்துகிறது: அது வினாடிக்கு ஒருமுறை சொல்லும், வெள்ளைக்கு 2 வினாடி வேண்டும். அறைக் காற்றுக்கு அந்த அவசரம் தேவையில்லை.

நிதானமாகப் படிக்க வேண்டியது ஈரப்பதத்தின் பிழை வரியை. நீலத்துக்கு 5 சதவீதம். அது 60 என்று காட்டினால் உண்மையில் 55 ஆகவும் இருக்கலாம், 65 ஆகவும் இருக்கலாம். வெள்ளைக்கு 2 சதவீதம் என்று கடையில் சொல்வார்கள். டேட்டாஷீட்டில் அதற்குப் பக்கத்திலேயே அடைப்புக்குறிக்குள், அதிகபட்சம் 5 என்றும் இருக்கிறது. வெள்ளை 60.3 என்று புள்ளி போட்டுக் காட்டும்போது நம்பத் தோன்றும். அந்தப் புள்ளி அது எவ்வளவு நுணுக்கமாக எண்ணுகிறது என்பதைத்தான் சொல்கிறது; எவ்வளவு சரியாக எண்ணுகிறது என்பதை அல்ல. எல்லை அகலத்துக்காக நான் வெள்ளையைத்தான் வாங்கச் சொல்வேன். ஆனால் 60 என்ற கோட்டில் தீர்ப்புச் சொல்ல இரண்டுமே போதாது. லைனில் அளவுத்திருத்தச் சான்றிதழ் உள்ள கருவியை வைப்பது அதனால்தான்.

வாங்கியதைச் சோதிக்கச் சமையலறை உப்பே போதும். சிறு மூடியில் உப்பைப் போட்டு, கரையாமல் ஈரமணல் பதத்துக்குத் தண்ணீர் தெளித்து, காற்றுப் புகாத டப்பாவில் சென்சாரோடு ஓர் இரவு மூடி வையுங்கள். உப்பு சென்சாரைத் தொடக் கூடாது. உள்ளே ஈரப்பதம் 75 சதவீதத்தில் நிற்கும். காலையில் சென்சார் காட்டும் எண்ணுக்கும் 75க்கும் உள்ள வித்தியாசத்தை ஒரு சீட்டில் எழுதி அதன் முதுகிலேயே ஒட்டிவிடுங்கள்.