கனவில் காவலுக்குப் போனவர்கள்

கனவுலகத்தைக் காக்கும் ரகசிய சபை என்றதும் நமக்குக் கதைப்புத்தகமும் சினிமாவும்தான் ஞாபகம் வரும். கறுப்பு அங்கி, மலைக்குகை, பழைய சுவடி, இப்படி ஏதாவது. ஆனால் நாங்கள் அப்படி ஒரு கூட்டம்தான் என்று சொல்லி, அதற்காகச் சமய விசாரணை மன்றத்தின் முன்னால் நின்றவர்களும் வரலாற்றில் இருக்கிறார்கள். குடியானவர்கள், மாடு மேய்ப்பவர்கள் என்று எல்லோரும் சாதாரண ஜனங்கள். இத்தாலியின் வடகிழக்கு மூலையில், அன்று வெனிஸ் குடியரசின் கீழ் இருந்த ஃப்ரியூலி பகுதிதான் அவர்கள் ஊர். பெயர் பெனந்தாந்தி. 'நல்லதுக்காகப் போகிறவர்கள்' என்று வைத்துக்கொள்ளலாம்.

விஷயம் வெளியே வந்தது 1575இல். ஒரு மில்லுக்காரரின் பையன் நோயில் கிடக்கிறான். பக்கத்து ஊர் பாவோலோ காஸ்பருத்தோ என்பவர் அவனைப் பார்த்துவிட்டு, சூனியக்காரர்கள் வேலை இது என்கிறார். உமக்கு எப்படித் தெரியும் என்று ஊர்ப் பாதிரியார் கேட்க, ராத்திரியில் அவர்களோடு சண்டை போடுகிற ஆள்தானே நான் என்று சர்வசாதாரணமாகச் சொல்லியிருக்கிறார். பாதிரியார் மேலிடத்தில் தெரிவித்தார். அதோடு விஷயம் கிடப்பில் போய், 1580இல் மறுபடி எடுக்கப்பட்டது. காஸ்பருத்தோவோடு பத்திஸ்தா மொதூகோ என்பவரையும் கூப்பிட்டார்கள். இவர் ஊரில் தண்டோரா போடுகிறவர்.

மொதூகோ சொன்னதன் சாரம் இது. பிறக்கும்போதே பனிக்குடச் சவ்வு தலையை மூடியபடி பிறந்தவர்கள்தான் பெனந்தாந்தி ஆக முடியும். அந்தச் சவ்வைப் பத்திரமாக வைத்திருக்க வேண்டும். இருபது வயது வாக்கில் அழைப்பு வரும். வருஷத்துக்கு நான்கு தடவை, திருச்சபையின் பருவ நோன்பு நாட்களில், வியாழக்கிழமை ராத்திரி உடல் படுக்கையில் கிடக்க ஆவி மட்டும் கிளம்பிப் போகும். படைக்குத் தலைவன் உண்டு, கொடி உண்டு. எதிர்ப்பக்கம் சூனியக்காரர்கள். இவர்கள் கையில் பெருஞ்சீரகச் செடியின் தண்டு, அவர்கள் கையில் சோளத்தட்டை. ஒரு தடவை கோதுமைக்காக, ஒரு தடவை கால்நடைக்காக, இன்னொரு தடவை திராட்சைக்காக. இவர்கள் ஜெயித்தால் அந்த வருஷம் விளைச்சல், தோற்றால் பஞ்சம்.

இதில் கவனிக்க வேண்டிய ஒன்று: இவர்கள் இதைத் தவறு என்று நினைக்கவில்லை. நாங்கள் கிறிஸ்துவின் பக்கம், சூனியக்காரர்கள் சாத்தானின் பக்கம் என்று நம்பிச் சொல்கிறார்கள். ஊருக்கு உழைத்ததைச் சொல்கிற தொனிதான். விசாரணை அதிகாரிக்கோ இது புரியவில்லை. அவர் படித்த சூனிய நூல்களில் சாத்தான் ஒப்பந்தம் இருக்கும், விருந்து, நடனம், கூத்து எல்லாம் இருக்கும். சூனியக்காரர்களை எதிர்த்து தூக்கத்தில் சண்டை போடுகிற கிறிஸ்தவனுக்கு அந்த நூல்களில் இடமே இல்லை.

அதனால் கேள்வி திரும்புகிறது. காஸ்பருத்தோ, தன்னை அழைக்க ஒரு தேவதூதன் வந்தான், பலிபீடத்தில் இருக்கிற மாதிரி பொன்மயமாக இருந்தான் என்கிறார். அவன் என்ன தருவதாகச் சொன்னான், பெண்களா, விருந்தா, நடனமா என்று அதிகாரி கேட்கிறார். ஒன்றுமே தருவதாகச் சொல்லவில்லை, ஆடுவதும் குதிப்பதும் அந்தப் பக்கத்து ஆட்கள் என்கிறார் இவர். சாத்தான் தேவதூதன் வேடத்தில் வருவான் என்று அதிகாரி எடுத்துச் சொல்கிறார். கடைசியில் காஸ்பருத்தோ பணிகிறார்: நீங்கள் சொன்னதால் எனக்கும் அது சாத்தான்தான் என்று தோன்றுகிறது. 1581இல் இருவருக்கும் ஆறு மாதச் சிறை விதித்து, பிறகு அதையும் தள்ளுபடி செய்தார்கள். தண்டனை லேசானதுதான். ஆனால் கனவு கைமாறிவிட்டது.

அடுத்த எழுபது வருஷத்துக்குள் அதே ஊர்ப்பக்கத்தில் அது நடந்து முடிகிறது. 1634இல் ஜொவான்னி சியோன் என்ற பெனந்தாந்தி சாத்தான் கூட்டத்துக்குப் போனதாகச் சொல்கிறார். 1649இல் மிக்கேலே சோப்பே சாத்தானோடு ஒப்பந்தம் செய்ததாகவே ஒப்புக்கொள்கிறார். வயலைக் காத்த கூட்டம், மூன்று தலைமுறைக்குள் தான் எதிர்த்த கூட்டமாகவே ஆகிப்போனது.

இதையெல்லாம் ஆவணக்காப்பகத்திலிருந்து வெளியே கொண்டுவந்தவர் கார்லோ கின்ஸ்பர்க். 1966இல் 'இ பெனந்தாந்தி' என்ற புத்தகமாக வந்தபோது அவருக்கு முப்பது வயதுகூட நிரம்பவில்லை. அவரது வாதத்தில் எனக்கு முக்கியமாகப் படுவது அவர் பயன்படுத்திய அளவுகோல். விசாரணை ஆவணம் என்பது அதிகாரத்தில் இருப்பவன் எழுதி வைத்தது. அதில் எளியவன் குரல் எங்கே? கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே இருக்கிற பொருந்தாமையில். அதிகாரி எதிர்பார்க்காத பதில் வந்து, அவரே திகைக்கிற இடங்களில், அவர் வாயில் திணிக்காத ஏதோ ஒன்று பேசுகிறது. வெவ்வேறு ஊர்க்காரர்கள், பல வருஷ இடைவெளியில், பெருஞ்சீரகத்தையும் பனிக்குடச் சவ்வையும் சொல்கிறார்கள் என்றால் அது அதிகாரி எழுதிக்கொடுத்த வசனமாக இருக்க முடியாது.

கின்ஸ்பர்க் இன்னொரு சாட்சியையும் பக்கத்தில் வைக்கிறார். 1691இல் இன்றைய லாட்வியப் பகுதியில் தீஸ் என்ற எண்பது தாண்டிய கிழவர், நான் ஓநாய் மனிதன், எங்கள் கூட்டம் கடவுளின் வேட்டைநாய்கள், சூனியக்காரர்கள் நரகத்துக்குத் தூக்கிப்போன தானியத்தை மீட்டு வருகிறோம் என்று நீதிமன்றத்தில் சொன்னார். ஐரோப்பா முழுக்க ஒரே பழைய நம்பிக்கை பரவியிருந்தது என்று கின்ஸ்பர்க் இதிலிருந்து போகிறார். புரூஸ் லிங்கன் போன்றவர்கள் அவ்வளவு தூரம் போக ஒப்பவில்லை. தீஸ் தன் எஜமானர்களுக்கு எதிராகப் பேசுகிற ஒரு எளியவராகவே அவருக்குப் படுகிறார். என் கட்சி பாதி பாதி. ஃப்ரியூலி ஆவணம் ஃப்ரியூலியைப் பற்றி உறுதியாகப் பேசுகிறது. அதை வைத்து ஒரு கண்டத்தையே அளப்பது வேறு வேலை.

அப்படியானால் இந்தச் சபை நிஜமா என்று கேட்பீர்கள். விழித்திருக்கும்போது இவர்கள் கூட்டம் போட்டதாக எனக்குத் தோன்றவில்லை. ஆனால் மழையும் ஆலங்கட்டியும் சாப்பாட்டை முடிவு செய்கிற ஊரில், ராத்திரி தூக்கத்தில்கூட பயிருக்குக் காவல் போக வேண்டும் என்று நினைத்த ஜனங்கள் நிஜம். அவர்கள் கனவில் யார் நல்லவன், யார் கெட்டவன் என்பதை வேறொருவர் தீர்மானித்து, அதை அவர்கள் வாயாலேயே சொல்ல வைத்ததும் நிஜம். பழைய வாக்குமூலம் எதைப் படித்தாலும் நான் இப்போது பதிலைவிட கேள்வியைத்தான் முதலில் பார்க்கிறேன்.