புடாபெஸ்ட்டின் உணவு மேசை: கறுப்பு சூப்பும் பன்றிக் கொழுப்பும்

ஹங்கேரியின் தலைநகரான புடாபெஸ்ட்டில், தன்யூப் நதியின் பெஸ்ட் கரையில், 1897இல் திறக்கப்பட்ட பெரிய அங்காடிக் கூடம் ஒன்று உண்டு. நகரின் பாரம்பரிய உணவுகளைத் தெருத் தெருவாக அழைத்துச் சென்று அறிமுகப்படுத்தும் வழிகாட்டி நடைகள் பலவும் அதன் வாயிலிலிருந்துதான் தொடங்குகின்றன. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கல்வி அரங்கிற்காக அந்நகருக்குச் சென்றிருந்த நான், ஊர் திரும்புவதற்கு முந்தைய நாள் அப்படியொரு நடையில் சேர்ந்துகொண்டேன். உண்பது என் முதல் நோக்கமன்று. உஸ்மானியர் 1541 முதல் 1686 வரை 145 ஆண்டுகள் ஆண்ட புடா நகரில் அவர்களின் அடுப்பு இன்னும் எங்கேனும் புகைகிறதா என்று பார்க்கும் ஆவலே என்னை இழுத்துச் சென்றது.

வழிகாட்டி வரலாறு பயின்ற இளம்பெண். எங்கள் சிறு குழுவிடம் அவர் தொடக்கத்திலேயே சொன்னார்: "துருக்கியர் எங்கள் நாட்டை எடுத்துக்கொண்டார்கள். மிளகாயையும் காபியையும் குளியல் கூடங்களையும் விட்டுச் சென்றார்கள்." அங்கே பள்ளிப் பிள்ளைகளும் அறிந்த கூற்று இது. நம்மவர் எழுதும் 'உலகிற்கு முஸ்லிம்களின் கொடை' வகைக் கட்டுரைகளிலும் இதே பட்டியல், வருத்தம் நீக்கப்பட்டுப் பெருமை சேர்க்கப்பட்ட வடிவில் வந்துவிடும். இரு தரப்பாரும் ஒப்புக்கொள்ளும் ஒரு செய்தியைத்தான் வரலாற்று மாணவன் முதலில் ஐயுற வேண்டும்.

கூடத்தின் கீழ்த்தளக் கடைகளில் உலர்ந்த செம்மிளகாய்ச் சரங்கள் மாலைகளாகத் தொங்குகின்றன. ஹங்கேரியச் சமையலின் உயிர் இந்தப் பாப்ரிகாத் தூள். செகெட், கொலொச்சா ஆகிய இரு ஊர்களும் இதற்குப் பெயர் பெற்றவை. மிளகாய் அமெரிக்கக் கண்டத்துப் பயிர். கொலம்பஸுக்கு முன் துருக்கியரும் அறியார், ஹங்கேரியரும் அறியார். 16ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஹங்கேரியப் பிரபுக் குடும்பத்துப் பெண்மணி ஒருவரின் தோட்டத்தில் அது 'சிவப்புத் துருக்கி மிளகு' என்ற பெயரில், அழகுச் செடியாக வளர்ந்திருக்கிறது. உஸ்மானிய ஆட்சிப் பரப்பின் வழியாக வந்ததால் அந்தப் பெயர். ஆனால் 'பாப்ரிகா' என்ற சொல் துருக்கியமன்று. தென் ஸ்லாவிய மொழிகளுக்குரியது. புடாவின் காவற்படையினரில் பெரும்பாலோர் அனத்தோலியத் துருக்கியர் அல்லர் என்பதை இங்கே நினைவுகொள்ள வேண்டும். அவர்கள் பொஸ்னியாவிலிருந்தும் பால்கனின் பிற பகுதிகளிலிருந்தும் வந்தவர்கள். ஆக, 'துருக்கியர்' கொண்டுவந்தார்கள் என்றால், பால்கன் சிப்பாயும் வணிகனும் தோட்டக்காரனும் கொண்டுவந்தார்கள் என்றே பொருள்கொள்ள வேண்டும்.

நமக்கு இது புதிரன்று. அதே நூற்றாண்டில் போர்ச்சுகீசியர் வழியாக நம்மிடம் வந்த அதே காய்க்கு, தெரிந்த மிளகின் பெயரோடு காயைச் சேர்த்து 'மிளகாய்' என்று பெயரிட்டோம். அமெரிக்காவிலிருந்து வந்த ஒரு மஞ்சள் பூவிற்குத் 'துலுக்கச் சாமந்தி' என்று தமிழர் பெயர் வைத்தனர். ஹங்கேரியர் மக்காச்சோளத்தைத் 'துருக்கிக் கோதுமை' என்று அழைத்தனர். எங்கிருந்து வந்தது என்று தெரியாத பொருளையெல்லாம் துருக்கியன் தலையில் கட்டுவது உலக வழக்கம் போலும்!

அழகுச் செடி ஏழைகளின் மசாலாவாகி, பின்னரே பிரபுக்களின் மேசைக்கு ஏறியது. நெப்போலியப் போர்க்கால வணிகத் தடை கருமிளகை அரிதாக்கியது. அதன் இடத்தை மிளகாய்த் தூள் பிடித்தது. 1937இல் நோபல் பரிசு பெற்ற ஆல்பர்ட் செண்ட்-ஜியார்ஜி வைட்டமின் 'சி'யைப் பெருமளவில் பிரித்தெடுத்ததும் செகெட் நகரத்து மிளகாயிலிருந்துதான். இவற்றில் உஸ்மானியருக்குப் பங்கில்லை. அவர்கள் சென்று நூறாண்டு கழிந்த பிறகே ஹங்கேரி இன்றைய சிவப்பு நிறத்தில் சமைக்கத் தொடங்கியது.

மேல்தளத்தில் உணவுக் கடைகள். 'குயாஷ்' என்றால் மாட்டு மந்தை மேய்ப்பவன். அவன் சமவெளியில் தொங்கு கொப்பரையில் சமைத்த இறைச்சிக் குழம்பே அப்பெயர் பெற்றது. அந்தக் கொப்பரையின் பெயரான 'பொக்ராச்' துருக்கியின் 'பக்ராச்' என்பதிலிருந்து வந்தது. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஹாப்ஸ்பர்க் மன்னர் இரண்டாம் ஜோசப் ஜெர்மானிய மொழியை ஆட்சிமொழியாகத் திணித்தபோது, ஹங்கேரியப் பிரபுக்கள் மேய்ப்பனின் இந்தக் குழம்பைத் தங்கள் தேசிய அடையாளமாக உயர்த்திப் பிடித்தார்கள். மொழியைக் காக்க எழுந்தவர்கள் குழம்பையும் சேர்த்துக் காத்துக்கொண்டார்கள்.

குழம்பு மாட்டிறைச்சிதான். எனினும் நடை முழுவதும் நான் ஒவ்வொரு கடையிலும் இரண்டு கேள்விகள் கேட்டேன்: இறைச்சி எது? தாளித்த கொழுப்பு எது? இரண்டாவது கேள்விக்கு ஏறக்குறைய எல்லா இடத்திலும் ஒரே விடை. ஹங்கேரியச் சமையல் வெங்காயத்தைப் பன்றிக் கொழுப்பில் வதக்குவதில் தொடங்குகிறது. முட்டைக்கோஸ் இலையில் அரிசியும் இறைச்சியும் பொதிந்து வேகவைக்கும் உணவு உண்டு. துருக்கியச் 'சர்மா'வின் உடன்பிறப்பு அது. சில வட்டாரங்களில் 'சார்மா' என்றே பெயர். அதற்குள்ளும் பன்றி இறைச்சியே. எனக்குக் கிடைத்தது, சூரியகாந்தி எண்ணெயில் பொரித்த 'லாங்கோஷ்' என்னும் தட்டையான மாவுப் பண்டம் ஒன்றுதான்.

என் கேள்விகளைக் கவனித்த வழிகாட்டி அதற்கும் ஒரு விளக்கம் தந்தார். துருக்கியர் ஆட்டையும் மாட்டையும் கவர்ந்து சென்றார்கள், பன்றியைத் தொடவில்லை. ஆகவே குடியானவன் பன்றி வளர்த்தான் என்றார். நல்ல கதை. ஆனால் உஸ்மானிய வரிப் பதிவேடுகளில் ஹங்கேரியக் கிராமங்களின் பன்றிகளுக்கு விதிக்கப்பட்ட வரி தனித் தலைப்பில் பதிவாகியிருக்கிறது. கருவூலம் பன்றியை உண்ணவில்லையே தவிர, பன்றியால் வந்த காசை வேண்டாமென்று சொல்லவில்லை. அதே காலத்தில் ஹங்கேரியச் சமவெளியிலிருந்து பல்லாயிரம் மாடுகள் ஆண்டுதோறும் வியன்னாவுக்கும் ஜெர்மானிய நகரங்களுக்கும் வெனிசுக்கும் ஓட்டிச் செல்லப்பட்டன. எனவே மாடுகள் அழிந்ததால் பன்றி வந்தது என்பதும் நிற்காது.

அடுத்த நிறுத்தம் ஒரு காபிக்கடை. 'கறுப்பு சூப் இன்னும் வரவில்லை' என்பது ஹங்கேரியப் பழமொழி. மோசமானது இனிமேல்தான் என்று பொருள். அதன் கதை 1541இல் நடக்கிறது. சுல்தான் சுலைமான் அல்கானூனி புடாவுக்கு வெளியே பாசறை அமைத்து, குழந்தை மன்னர் யானோஷ் ஜிக்மோந்தையும் ஹங்கேரியப் பிரபுக்களையும் வரவழைக்கிறார். விருந்து முடிந்து பாலிந்த் தோரோக் என்ற பிரபு விடைபெற எழும்போது, "கறுப்பு சூப் இன்னும் வரவில்லை" என்று அமர்த்துகிறார்கள். காபி வருகிறது. அதற்குள் ஜானிஸரி வீரர்கள் ஊர் பார்க்க வந்தவர்களைப் போல் கோட்டைக்குள் நுழைந்து வாயில்களைக் கைப்பற்றிவிடுகிறார்கள். தோரோக் இஸ்தான்பூலின் ஏதிகுலே சிறைக்குச் சென்றார், மீளவேயில்லை.

சிறையும் உண்மை, கோட்டை வீழ்ந்ததும் உண்மை. காபிதான் ஐயத்திற்குரியது. இதற்குச் சான்று தருபவர் ஹங்கேரியிலேயே பிறந்த ஒரு முஸ்லிம் வரலாற்றாசிரியர் என்பது சுவையானது. பேச் நகரில் பிறந்ததால் பெச்செவீ எனப்பட்ட இப்ராஹீம், ஹிஜ்ரீ 962 (1554-55) வரை இஸ்தான்பூலில் காபியும் காபிக்கடையும் இருந்ததில்லை என்றும், அவ்வாண்டில் அலெப்போவைச் சேர்ந்த ஹகம், டமாஸ்கஸைச் சேர்ந்த ஷம்ஸ் ஆகிய இருவரே முதற்கடைகளைத் திறந்தனர் என்றும் எழுதுகிறார். தலைநகரில் பரவாத பானம் அதற்குப் பதினான்கு ஆண்டுகளுக்கு முன் போர்ப் பாசறையில் விருந்தினருக்குப் பரிமாறப்பட்டிருக்குமா? மேலும், அக்கால ஹங்கேரிய விருந்தில் இறுதியில் பரிமாறப்படும் கருநிறச் சாற்று உணவு ஒன்றுக்கே 'கறுப்பு சூப்' என்ற பெயர் இருந்தது. அந்த உணவு வழக்கொழிந்தபின் பழமொழி காபியைத் தேடிப் பிடித்துக்கொண்டது.

காபிக்கடையிலிருந்து சிறிது தூரம் நடந்தால் தொஹாய்ன் தெரு. 1859இல் கட்டி முடிக்கப்பட்ட, ஐரோப்பாவிலேயே பெரிய யூதத் தொழுகையகம் அங்கிருக்கிறது. பெயர்ப் பலகையைப் பார்த்துச் சற்று நின்றேன். 'தொஹாய்ன்' என்றால் புகையிலை. நம் மாணவர்கள் முதலாண்டிலேயே கற்கும் 'துகான்' என்ற அரபுச் சொல் துருக்கி வழியாக இங்கே வந்து தெருப்பெயராக நிற்கிறது. கத்தரிக்காய்க்கு இவர்கள் சொல்லும் 'பாத்லிஜான்' நம் 'பாதின்ஜான்'. கோப்பைக்குச் சொல்லும் 'ஃபின்ஜா' நம் 'ஃபின்ஜான்'. பாப்ரிகாவை விட இச்சொற்கள் நம்பகமான சாட்சிகள்.

அத்தெருவை ஒட்டிய யூதப் பகுதியில்தான் நான் வயிறார உண்டேன். பன்றிக் கொழுப்புக்கு மாற்றாக வாத்துக் கொழுப்பைப் பயன்படுத்திய சமையல் அது. பயறும் வாற்கோதுமையும் வாத்து இறைச்சியும் சேர்ந்த 'ஷோலெத்' என்ற உணவை வெள்ளிக்கிழமை அந்தி சாய்வதற்கு முன் அடுப்பிலேற்றி, சனிக்கிழமை எடுத்து உண்பார்கள். நான் இறைச்சியைத் தவிர்த்து, கசகசா, ஆப்பிள், அக்ரோட், பிளம் என அடுக்கடுக்காக அமைந்த 'ஃப்லோத்னி' இனிப்பையும் உண்டேன். 1944இல் இதே தெருக்களைத்தான் வேலியிட்டு கெட்டோவாக்கினார்கள். அந்தச் சமையல் மிஞ்சியிருப்பதே ஒரு வியப்பு. உண்ணாத ஒன்றைக்கொண்டு ஒரு சமூகத்தை அடையாளம் கண்டுவிடலாம் என்ற எண்ணம் அங்கேதான் எனக்குள் எழுந்தது. நான் நெடுநாள் சுமந்திருந்த ஒரு சட்டத்தை அது நினைவூட்டியது.

உஸ்மானியர் வருவதற்கு நானூறு ஆண்டுகளுக்கு முன்பே ஹங்கேரியில் முஸ்லிம்கள் வாழ்ந்தார்கள். லத்தீன் ஆவணங்கள் அவர்களை 'இஸ்மாயீலியர்' என்கின்றன. ஷீஆப் பிரிவைக் குறிக்காமல், நபி இஸ்மாயீல் (அலை) அவர்களின் வழியினர் என்ற பொருளில். வணிகர்களாகவும் நாணயச் சாலை அதிகாரிகளாகவும் படைவீரர்களாகவும் இருந்தவர்கள். 1100 அளவில் மன்னர் கால்மானின் சட்டங்கள் இவர்களைக் குறிவைத்தன. இஸ்மாயீலியக் கிராமம் ஒவ்வொன்றும் தேவாலயம் கட்ட வேண்டும். தங்கள் பெண்களைத் தங்களுக்குள் மணமுடிக்கக் கூடாது. விருந்தினர் வந்தால், அவர்களும் விருந்தினரும் பன்றி இறைச்சி தவிர வேறு இறைச்சி உண்ணக் கூடாது. நோன்பு வைப்பவரையும் பன்றி இறைச்சியைத் தவிர்ப்பவரையும் காட்டிக்கொடுப்பவருக்கு அவர்களின் சொத்தில் பங்கு. விருந்தோம்பலையே உளவுக் கருவியாக்கிய சட்டம் இது.

ஐம்பது ஆண்டுகளுக்குப் பின், 1150இல், கிரனடாவில் பிறந்த அபூஹாமித் அல்கர்னாத்தீ இந்நாட்டுக்கு வந்து மூன்று ஆண்டுகள் தங்கினார். 'அல்முஃரிப்' என்ற தம் நூலில் அவர் இருவகை முஸ்லிம்களைக் கண்டதாகக் குறிப்பிடுகிறார். மக்ரிப் வழியினர் தம் மார்க்கத்தை வெளிப்படையாகப் பின்பற்றினர். குவாரிஸ்ம் வழியினர் மன்னருக்கு ஊழியம் செய்து, வெளியே கிறித்தவராகவும் உள்ளே முஸ்லிம்களாகவும் வாழ்ந்தனர். ஜும்ஆத் தொழுகையையும் குத்பாவையும் அறியாதிருந்தவர்களுக்கு அவற்றைக் கற்பித்தார். மதுவை விடச் சொன்னார். செய்தி மன்னர் இரண்டாம் கேய்சாவின் காதுக்கு எட்ட, மது உடலுக்கு வலிமை தருவதாயிற்றே என்று அவர் கேட்க, முஸ்லிம் வீரன் குடித்தால் குதிரையையும் ஆயுதத்தையும் இழப்பான் என்ற கருத்தில் இவர் விடை சொல்ல, மன்னர் ஏற்றுக்கொண்டாராம். புறப்படும்போது தம் மூத்த மகன் ஹாமிதை அங்கேயே விட்டுச் செல்ல நேர்ந்தது.

1220ஐ ஒட்டி யாகூத் அல்ஹமவீ அலெப்போவில் இந்நாட்டு மாணவர்களைச் சந்தித்ததை 'முஃஜமுல் புல்தான்' நூலில் பதிந்திருக்கிறார். செந்நிற முகத்தினர், இமாம் அபூஹனீபா (ரஹ்) அவர்களின் ஃபிக்ஹைக் கற்க வந்தவர்கள். தங்களுக்கு ஏறத்தாழ முப்பது ஊர்கள் உண்டென்றும், கிளர்ச்சிக்கு அஞ்சி மன்னர் அவற்றுக்கு மதில் எழுப்ப விடுவதில்லை என்றும் சொன்னார்கள். 1222இல் மன்னர் இரண்டாம் ஆந்த்ராஷ் வெளியிட்ட பொன்முத்திரைப் பிரகடனம் இஸ்மாயீலியரை நாணய, உப்பு அதிகாரப் பதவிகளிலிருந்து விலக்கியது. 1241இல் மங்கோலியர் வந்தனர். அதன்பின் அச்சமூகம் ஆவணங்களிலிருந்து மெல்ல மறைந்துபோகிறது. எஞ்சியது ஓர் ஊர்ப்பெயர்: ஹைதூபோசொர்மேய்ன். 'போசொர்மேய்ன்' என்பது 'முஸல்மான்' என்பதன் திரிபு.

அல்கர்னாத்தீயின் சொந்த ஊரில் பின்னர் நிகழ்ந்ததையும் நாம் அறிவோம். 1492க்குப் பிறகு கிரனடாவில் மறைந்து வாழ்ந்த மொரிஸ்கோக்களை, பன்றி இறைச்சி உண்கிறார்களா என்று பார்த்தே விசாரணை மன்றம் அடையாளம் கண்டது. ஹங்கேரியில் அவர் கண்ட மறைவு வாழ்க்கை அவருடைய ஊராரின் வழித்தோன்றல்களுக்கும் வாய்த்தது.

நடை மாலையில் முடிந்தது. நான் தனியே மார்கரெட் பாலத்தைக் கடந்து, 1541இல் மறைந்த பெக்தாஷி தர்வேஷ் குல் பாபாவின் கல்லறைக்குச் செல்வதாகச் சொன்னேன். வழி காட்டிய அவரிடம் கால்மானின் சட்டத்தைப் பற்றிக் கேட்டேன். பல்கலைக்கழகத்தில் அச்சட்டத் தொகுதியைப் படித்ததாகவும், இந்த விதி நினைவில் இல்லை என்றும் நேர்மையாகச் சொன்னார். அல்கர்னாத்தீயின் பெயரைக் கேள்விப்பட்டதில்லை என்றார். கைப்பையிலிருந்து குறிப்பேட்டை எடுத்து என்னிடம் நீட்டினார். முதலில் அரபியில் எழுதி, அதன் கீழே அவர்களின் எழுத்தில் ஒலிப்பை எழுதி, அந்நூல் 1985இல் ஹங்கேரிய மொழியிலேயே வெளிவந்திருக்கிறது என்பதையும் குறித்துக் கொடுத்தேன்.